சாமான் அறை

வீடு காட்டுவது என் தொழில்.
செங்காங், அங்கர்வேல் பக்கம், பதினோராம் மாடி, நாலறை,
காலை வெயில், எல்ஆர்டிக்கு நான்கு நிமிட நடை.
இரும்புக் கதவு போட்ட அந்தச் சின்ன அறை வரும்போது மட்டும்
குரல் தானாகத் தாழும்:
"சாமான் அறையாக வைத்துக்கொள்ளலாம்.
சுவரில் ஆணி அடிக்கக் கூடாது, வீவக விதி."
வருபவர்கள் எட்டிப் பார்ப்பார்கள், மூக்கைச் சுளிப்பார்கள்,
ஐம்பது வெள்ளி குறையுமா என்பார்கள்.

ஓஸ்னாத் உள்ளே போனாள்.
கதவை இழுத்து மூடிக்கொண்டாள்.

சாவிக்கொத்தோடு நான் வெளியே.
கணவன் கைபேசியில்.
பையன் எய்த்தாம் தரை ஓடுகளைத்
தன் மொழியில் எண்ணிக்கொண்டிருந்தான்.
ஒரு நிமிடம் இருக்கும். வந்து சொன்னாள்:
"அடுப்பிலிருந்து ஒன்பது தப்படி.
குளியலறையிலிருந்து ஐந்து.
இந்த வீடு போதும்."
வாடகையை அதற்குப் பிறகுதான் கேட்டாள்.

ஒப்பந்தம் போடக் காரில் போனோம்.
பெல்ட் போடுங்கள், இங்கே அபராதம் என்றேன்.
சிரித்தாள். "எங்கள் ஊரில் போட்டால்தான் ஆபத்து."
ஸ்தெரோத்தில் பதினைந்து வினாடி.
அதற்குள் வண்டியை நிறுத்தி,
பிள்ளையைக் கழற்றி எடுத்து,
சாலையோரம் கிடத்தி,
மேலே கவிழ்ந்து படுக்க வேண்டும்.
தலைக்குக் குளிப்பதை இரண்டு தவணையாக வைத்துக்கொண்டாளாம்,
நுரையோடு ஓட வெட்கப்பட்டு.
மோட்டார் சைக்கிள் கியர் மாற்றும்போது எழும் அந்த முதல் சுருதி
அப்படியே சங்கின் சுருதியாம்.
சொல்லிவிட்டு ஜன்னலைக் கொஞ்சம் இறக்கினாள்,
ஏசி ஓடிக்கொண்டிருக்கும்போதே.

நான் அரசியல் கேட்பதில்லை.
அவளேதான் ஆரம்பித்தாள், ஒரு சிவப்பு விளக்கில்.
"வேலிக்கு அந்தப் பக்கம் இப்படி ஓர் அறை கிடையாது.
அங்கே விழுவது எங்கள் ஜன்னலையும் அதிர வைக்கும்.
அது நம்முடையது, தூங்கு என்பார் அப்பா.
தூங்கியும் இருக்கிறேன்."
பச்சை விழுந்தது. பின்னால் லாரிக்காரன் ஹார்ன் அடித்தான்.
அவள் கை பெல்ட்டின் பொத்தான்மேல் இருந்தது.
நான் ஏதாவது சொல்லியிருக்கலாம்.
சாலையைப் பார்த்து ஓட்டினேன்.

பிப்ரவரி பதினைந்து, மாலை ஆறு இருபது.
ஆண்டுதோறும் தீவு முழுக்க ஒரு நிமிடம் சங்கு ஒலிக்கும்,
ஒத்திகை.
காப்பிக்கடையில் தே ஹாலியா ஆறிக்கொண்டிருந்தது.
ஒருவரும் நிமிரவில்லை, மேசைமேல் மைனாகூட.
பாதிச் சங்கில்தான் உறைத்தது.
பதினெட்டுப் பிரிவு படித்துக் காட்டினேன் அவளுக்கு,
ஏசி கழுவுவது, கொசு, நடைபாதையில் பூந்தொட்டி.
இதைச் சொல்லவில்லை.

அழைத்தேன். மணி போகவில்லை.
அந்தச் சுவருக்குள் சிக்னல் நுழையாது.

ஆறு நாற்பத்தொன்றுக்கு அவளே கூப்பிட்டாள்.
குரலில் கோபத்தைத் தேடினேன்,
மூச்சுதான் இருந்தது.
"பத்து நிமிடம் எங்கள் கணக்கு.
வெடிச் சத்தம் வராததால் இருபது இருந்தோம்."
மன்னிப்புக் கேட்டேன், ஒத்திகை என்றேன்,
அடுத்த வருஷம் முன்கூட்டியே சொல்கிறேன் என்றேன்.
பின்னால் எய்த்தாம் எதையோ எண்ணிக்கொண்டிருந்தான்.
"பரவாயில்லை," என்றாள்.
"ஒன்று மட்டும் சொல்லுங்கள்.
இங்கே உங்களுக்கு எத்தனை வினாடி?"

தெரியாது என்றேன்.
நாற்பத்தாறு வயதில்
முதல் முறையாக யாரோ என்னிடம் கேட்கிறார்கள்.

வீட்டுக்கு வந்து என் சாமான் அறையைத் திறந்தேன்.
அரிசி மூட்டை, வாக்குவம், தீபாவளி விளக்குச் சரம்,
மகள் வளர்ந்துவிட்ட தள்ளுவண்டி,
எப்போதோ வாங்கிய மீன்பிடி தூண்டில்.
எல்லாவற்றையும் கூடத்தில் இழுத்துப் போட்டேன்.
அடுப்படியிலிருந்து நடந்தேன், பதினான்கு.
கதவு பாதி வரை வந்து நின்றது,
கீலில் துரு.

"என்ன தேடுறீங்க?" என்றாள் மனைவி.
தூண்டில் என்றேன்.
சாப்பிட்ட பிறகு
எல்லாவற்றையும் திரும்ப உள்ளே வைத்தேன்.